வீட்டு மொழியும் பள்ளி மொழியும்

குழந்தையொன்று பள்ளியின் வாயிலை முதன்முதல் மிதிக்கும்பொழுது வெறுங்கையுடன் வருவதில்லை. ஐந்தாண்டுக் காலம் தாயின் மடியிலும் தெருப் புழுதியிலும் இருந்து ஈட்டிய பெருஞ்செல்வமொன்றை அஃது உடன்கொண்டு வருகின்றது. அச்செல்வம் அதன் மொழியே. பசியை உரைப்பதும், கண்ட பொருளுக்குப் பெயரிடுவதும், ‘ஏன்?’ என்று வினவுவதும், பொய் புனைந்து தப்புவதும் அம்மொழியினாலேயே அதற்குக் கைவந்தன. ஆசிரியர் அச்செல்வத்தை முதலாகக் கொண்டு மேலும் பெருக்குதல் வேண்டுமா, அன்றி அதனை வாயிற்புறத்தே இறக்கி வைத்துவிட்டு உள்ளே வாவென்று பணித்தல் வேண்டுமா? தாய்மொழிக் கல்வியைப் பற்றிய வழக்கெல்லாம் இவ்வொரு வினாவில் அடங்கும்.

நம்மவர் இப்பொருளைப் பேசப் புகுங்கால் ஆங்கிலத்தையும் தமிழையும் எதிரெதிரே நிறுத்தித் தமிழுக்கு நேர்ந்த குறையை எடுத்துரைத்தல் வழக்கம். அவ்வழக்கு நேரியதே. ஆயினும் அதற்கு மறுபுறம் ஒன்றுண்டு. நம் தமிழ்ப் பள்ளிகளிலேயே, தமிழை அயல்மொழியாகக் கேட்டு விழிக்கும் குழந்தைகளும் அமர்ந்திருக்கின்றனர். அவர்கள் திறத்தில் நாம் எவ்வாறு நடந்துகொள்கின்றோம் என்பதே ஈண்டு ஆராயப் புகுந்த பொருள்.

1. ஒரு குறிப்பேட்டு வரி

இதனை யான் முதற்கண் நூல்களிலிருந்து உணர்ந்தேனல்லேன்; என் பிழையொன்றினால் உணர்ந்தேன். கலாசாலைப் படிப்பு முடிந்தபின் ஸ்ரீமுஷ்ணத்தை அடுத்த சிற்றூரொன்றில் தொடக்கப்பள்ளி ஆசிரியனாக அமர்ந்தேன். முதல் வகுப்பில் நரிக்குறவர் குடும்பத்துச் சிறுமி ஒருத்தி வந்து சேர்ந்தாள். பெயர் சொல்லி அழைத்தால் எழுந்து நிற்பாள். ஒன்று வினாவினால் வாய் திறவாள். பலகையில் எழுதச் சொன்னால் பக்கத்திலிருப்பவள் எழுதியதைப் பார்த்து வரைவாள். மூன்று திங்கள் இவ்வாறு கழிந்தன. ‘பேச்சில்லை, கிரகிக்கும் ஆற்றல் குறைவு’ என்று என் குறிப்பேட்டில் எழுதினேன்.

ஒரு நாள் மாலை, நான்காம் வகுப்பிற் பயிலும் அவள் தமையன் தங்கையை அழைத்துச் செல்ல வந்தான். மழை பிடித்துக்கொண்டமையால் இருவரும் வகுப்பிலேயே தங்கினர். சுவரில் தொங்கிய பறவைப் படத்தைச் சுட்டிக்காட்டி அச்சிறுமி தமையனிடம் பேசத் தொடங்கினாள். நிறுத்தாமற் பேசினாள், கைகளை விரித்துப் பறந்து காட்டினாள், ஏதோ சொல்லித் தானே நகைத்தாள். எனக்கு ஒரு சொல்லும் விளங்கவில்லை.

“என்னடா சொல்றா உன் தங்கச்சி?” என்றேன்.

“அந்தக் கொக்கைத் தப்பாப் போட்டிருக்காங்களாம் சார். கொக்கு பறக்கும்போது கழுத்தை மடக்கிக்கும். படத்துல நீட்டிப் போட்டிருக்கு” என்றான் அவன்.

மழை ஓய்ந்தபின் வீராணத்தின் பக்கம் திரும்பிச் சென்ற கொக்கு நிரையொன்றை அண்ணாந்து நோக்கினேன். ஒவ்வொன்றும் கழுத்தை மடக்கிக்கொண்டே பறந்தது. பிறந்தது முதல் அப்பறவைகளைப் பார்த்தும் யான் காணாத ஒன்றை அவள் கண்டிருந்தாள். கண்டதைச் சொல்லவும் வல்லவளாயிருந்தாள். அவள்பால் இல்லாதது ஆற்றலன்று. அவள் மொழியைக் கேட்கும் செவி என்பால் இல்லை. அன்றிரவே குறிப்பேட்டு வரியை அடித்தேன். ஆயினும் மூன்று திங்கள் கழிந்தவை கழிந்தனவே.

அவள் பேசியது வாக்ரிபோலி என்னும் மொழி. அது திராவிட இனத்ததன்று. குஜராத்தி முதலிய மேலை வடநாட்டு மொழிகளோடு உறவுடையது. தனக்கென எழுத்துடையதன்று. அதனைப் பேசுவோர் பல தலைமுறைகளாகத் தமிழ்நாட்டில் வாழ்ந்தும் வீட்டில் அதனைக் கைவிட்டாரல்லர். நரிக்குறவரைப் பழங்குடியினர் பட்டியலிற் சேர்க்கும் சட்டத்தை 2022-ஆம் ஆண்டு டிசம்பரில் நாடாளுமன்றம் நிறைவேற்றியது. அதனால் உயர்கல்வியிலும் உத்தியோகத்திலும் அவர்கட்கு இடம் உரியதாயிற்று. எனினும் அவ்விடத்தை அடையும் வழி முதல் வகுப்பில் தொடங்குகின்றது. அங்கே மொழி தெரியாது ஊமையாய் இருந்த குழந்தைக்கு மேலேயுள்ள கதவு திறந்திருந்தும் பயன் சிறிதே.

2. நம் பக்கத்துப் பழைய வழக்கு

பல மொழியினரும் கூடி வாழ்தல் நம் பக்கத்திற்குப் புதியதன்று. ஸ்ரீமுஷ்ணத்துப் பூவராகப் பெருமாள் கோயிலில் நாயக்கர் காலத்துச் சிற்ப மண்டபம் நிற்கின்றது. அவ்வரசரின் வீட்டு மொழி தெலுங்கு. மாசி மகத்தில் அப்பெருமாள் தீர்த்தவாரிக்குக் கிள்ளைக் கடற்கரைக்கு எழுந்தருளுங்கால், அங்குள்ள தர்காவினர் எதிர்கொண்டு மரியாதை செய்வதை இன்றும் காணலாம். ஒருவர் தம் சமயத்தை விடாமலே மற்றவரை வரவேற்கும் பழக்கம் நம் தெருவில் உள்ளது. அப்பழக்கம் வகுப்பறைக்குள் மொழியின் திறத்தில் வந்து சேர்தல் வேண்டும் என்பதே யான் சொல்லக் கருதுவது.

கடற்கரை வழியே சிறிது தெற்கே சென்றால் தரங்கம்பாடி. 1706-ஆம் ஆண்டு அங்கு வந்திறங்கிய சீகன்பால்கு ஐயர், ஊர்ப்பிள்ளைகளோடு மணலிலமர்ந்து தமிழெழுத்தைக் கற்றார் என்பது பலரும் அறிந்தது. அவ்வளவாக அறியப்படாதது மற்றொன்று: டேனியர் ஆண்ட அச்சிறு பட்டினத்தில் தமிழ் பேசுவோரும் போர்த்துக்கேயம் பேசுவோரும் இருந்தமையால், மிஷனரிமார் இருதிறத்துப் பிள்ளைகட்கும் தனித்தனியே அவ்வம்மொழியிற் பள்ளிகள் நடத்தினர். சீகன்பால்கு தமிழை மேற்கொள்ள, உடன்வந்த புளூட்சோ போர்த்துக்கேயத்தை மேற்கொண்டார். அவர்கள் நோக்கம் சமயம் பரப்புதல் என்பதை மறைக்க வேண்டுவதில்லை. ஆயினும் குழந்தையின் உள்ளத்திற் புகுதற்கு அதன் வீட்டு மொழியே வாயில் என்பதை அவர்கள் தெளிந்திருந்தனர். குழந்தை தன் மொழியை விட்டு வரட்டும் என்று காத்திராமல், ஆசிரியரே அம்மொழியைக் கற்கச் சென்றனர்.

3. ஒரோமோ மக்களின் வரலாறு

ஆசிரியரும் அரசும் இதற்கு மாறாக நடந்தால் நேர்வது யாது? இதனை விளங்கக் காட்டும் வரலாறொன்று ஆப்பிரிக்கக் கண்டத்தின் கீழ்ப்பாலுள்ள எத்தியோப்பியாவில் உண்டு. அந்நாட்டில் 2007-ஆம் ஆண்டுக் குடிக்கணக்கின்படி மூன்றில் ஒரு பங்கினர்க்கு மேற்பட்டோர் ஒரோமோ இனத்தவர். அவர்கள் மொழி சிறு கூட்டத்தின் மொழியன்று. அந்நாட்டுப் பெருங்கூட்டத்தின் மொழி. ஆயினும் நெடுங்காலம் அதற்குப் பள்ளியில் இடமில்லை.

அம்மொழியின் எழுத்து வரலாற்றிலும் மிஷன் தொடர்பு உண்டு. சிறுவயதிற் கவரப்பட்டு அடிமையாக விற்கப்பட்ட ஒரோமோச் சிறுவன் ஒருவன், 1870-ஆம் ஆண்டு மசாவா என்னும் துறைமுகப் பட்டினத்தில் விடுவிக்கப்பெற்றுச் சுவீடன் தேசத்து மிஷன் பள்ளியிற் பயின்றான். அவனே பிற்காலத்து ஒனேசிமோஸ் நெசிப். அவரும், அவரைப்போலவே அடிமைத்தளையினின்று விடுபட்ட ஆஸ்தர் கன்னோ என்னும் பெண்மணியும் சேர்ந்து ஒரோமோ மொழியில் வாசக நூலொன்றை 1894-இல் வெளியிட்டனர். அம்மையார் தம் இளமையிற் கேட்ட கதைகளையும் பாடல்களையும் பழமொழிகளையும் நினைவிலிருந்து எழுதித் தந்தார். வீட்டுத் திண்ணையில் வழங்கியவை பாடப்புத்தகத்தில் ஏறின. 1899-இல் அம்மொழியின் முழு வேதாகமமும் அச்சாயிற்று. பின்னர் ஒனேசிமோஸ் தாயகம் திரும்பிப் பள்ளி நிறுவி, 1931-இல் இறக்குமளவும் உழைத்தார்.

அவர் இட்ட வித்து எளிதில் முளைக்கவில்லை. 1944-ஆம் ஆண்டு எத்தியோப்பிய அரசாணையொன்று, மிஷன் பள்ளிகளில் அம்ஹாரிக் மொழியே பொதுவாகக் கல்விமொழியாதல் வேண்டும் என விதித்தது. நாட்டை ஒன்றுபடுத்தற்கு ஒரு மொழி வேண்டும் என்பது ஆண்டோர் கருத்து. ஒரோமோக் குழந்தையோ தன் வீட்டிற் கேளாத மொழியில் எண்ணையும் எழுத்தையும் பயிலவேண்டியதாயிற்று. 1974-ஆம் ஆண்டுப் புரட்சிக்குப்பின் 1979-இல் தொடங்கிய எழுத்தறிவு இயக்கத்தில் ஒரோமோவுட்பட 15 மொழிகள் இடம்பெற்றன. 1991-இல் அரசு மாறியபின்னரே ஒரோமோ பள்ளிப்பாட மொழியாயிற்று. 1994-ஆம் ஆண்டுக் கல்விக்கொள்கை தொடக்கக் கல்வியை அவரவர் மொழியில் அளிப்பதை நாட்டு விதியாக்கியது.

ஈண்டு எழுத்தைப் பற்றி ஒரு சொல். தமிழர்க்கு இது சுவையான செய்தி. ஒரோமோ மொழியில் குறில் நெடில் வேறுபாடும், ஒற்று இரட்டித்தலும் பொருளை மாற்றும். ‘லஃப’ எனக் குறிலாயின் நிலம். ‘லாஃபா’ என நெடிலாயின் மென்மையானது. நம் மொழியில் ‘படு’ வேறு, ‘பாடு’ வேறு. ‘கனி’ வேறு, ‘கன்னி’ வேறு என்பது போன்றது இது. பழைய எத்தியோப்பிய எழுத்து இவ்வேறுபாடுகளைத் தெளிவுறக் காட்டவில்லை. ஆதலின் 1991-ஆம் ஆண்டு நவம்பரில் ஒரோமோ அறிஞர் கூடி, உரோமன் எழுத்தையே தம் மொழிக்கேற்பத் திருத்தி, ‘குபே’ என்னும் பெயரால் ஏற்றுக்கொண்டனர். உயிர் நீண்டால் இரண்டு எழுத்து, மெய் இரட்டித்தால் இரண்டு எழுத்து என்னும் எளிய விதி குழந்தைக்கு வாசிப்பை இலகுவாக்கியது.

விளைவு யாதெனின், 2006-ஆம் ஆண்டு அந்நாட்டுக் கல்வி அமைச்சின் பொருட்டு நிகழ்ந்த ஆய்வில், எட்டாண்டும் தம் மொழியிற் பயின்ற மாணாக்கர், இடையில் ஆங்கிலத்திற்கு மாற்றப்பட்டோரினும் கணக்கு, விஞ்ஞானம் ஆகியவற்றில் மேம்பட்டு நின்றது தெரியவந்தது. எனினும் அவ்வரலாறு அதனோடு முடியவில்லை. ஒரோமியா என்னும் அம்மாநிலத்தினுள்ளும் வேறு மொழி பேசும் குடும்பங்கள் உண்டு. நேற்றுவரை தமக்கு இடம் வேண்டியோர் இன்று பிறர்க்கு இடம் அளிக்கும் கடமையிற் சிக்கினர். தமிழராகிய நாமும் அந்நிலையிலேயே நிற்கின்றோம்.

4. எழும் ஐயங்கள்

முதலாவது ஐயம்: வீட்டு மொழியிலே தொடங்கினால் குழந்தை பொதுமொழியிற் பின்தங்காதோ? 1970-ஆம் ஆண்டு நைஜீரியாவில் இஃபே நகரில் ஒரு சோதனை தொடங்கப்பெற்றது. ஒரு கூட்டத்து மாணாக்கர்க்கு ஆறாண்டும் யொரூபா மொழியிலேயே பாடங்கள் நடந்தன. ஆங்கிலம் ஒரு பாடமாக மட்டும் நன்கு கற்பிக்கப்பட்டது. மற்றொரு கூட்டம் வழக்கம்போல் நான்காம் ஆண்டில் ஆங்கில வழிக்கு மாறியது. முடிவில் யொரூபாக் கூட்டத்தார் பிற பாடங்களில் முந்தினர், ஆங்கிலத்திலும் பிந்தவில்லை. ஒரு மொழியில் வாசிக்கக் கற்ற குழந்தை வாசித்தல் என்னும் வித்தையையே கற்றுக்கொள்கின்றது. அவ்வித்தையை இரண்டாம் மொழிக்குப் புதிதாகக் கற்க வேண்டுவதில்லை.

இரண்டாவது ஐயம்: தாய்மொழி கீழ்வகுப்புக்கு ஆகும், உயர்ந்த கலைகட்கு ஆகுமோ? யாழ்ப்பாணத்து மானிப்பாயில் அமெரிக்க மிஷன் வைத்தியராயிருந்த சாமுவேல் கிறீன், 1860-களில் மேல்நாட்டு வைத்தியத்தைத் தமிழிலேயே கற்பித்தார். இரண வைத்தியம், அங்காதிபாதம் முதலிய நூல்களைத் தமிழிலாக்கி அச்சிடுவித்தார். தமிழிற் கற்ற வைத்தியர் பலர் அவரிடமிருந்து வெளிவந்தனர். ஆதலின் மொழிக்கு ஆற்றலில்லை என்பது பொருந்தாது. ஆக்குவோர் இல்லாமையே குறை.

மூன்றாவது ஐயம் வலியது: ஒரு வகுப்பில் மூன்று மொழிக் குழந்தைகள் இருப்பின் ஆசிரியர் ஒருவர் என் செய்வார்? ஆந்திரத்தில் 2004-ஆம் ஆண்டு 8 மொழிகளிலும், ஒடிசாவில் 2006-07-ஆம் ஆண்டு 10 பழங்குடி மொழிகளிலும் தொடக்கப்பள்ளித் திட்டங்கள் தொடங்கப்பெற்றன. ஒடிசாவில் அவ்வம்மொழி பேசும் சமூகத்தவரையே ஆசிரியராக்கி, ஊர்க் கதைகளையும் விளையாட்டுகளையும் கொண்டு பாடப்புத்தகம் அமைத்தனர்; படிப்படியே மாநில மொழியாகிய ஒடியாவைச் சேர்த்தனர். செலவும் முயற்சியும் வேண்டும் என்பது உண்மை. இயலாது என்பது உண்மையன்று.

நம் அரசியலமைப்பும் இதற்கு அயலானதன்று. 1956-ஆம் ஆண்டுத் திருத்தத்தினாற் சேர்ந்த 350-அ உறுப்பு, மொழிச் சிறுபான்மைக் குழந்தைகட்குத் தொடக்கக் கல்வியைத் தாய்மொழியில் அளிக்கப் போதிய வசதி செய்ய மாநிலங்கள் முயலவேண்டும் என்கின்றது. 2009-ஆம் ஆண்டுக் கல்வியுரிமைச் சட்டமும் கல்விமொழி இயன்ற அளவு குழந்தையின் தாய்மொழியாதல் வேண்டும் எனக் கூறுகின்றது. 2006-ஆம் ஆண்டுத் தமிழ் கற்றல் சட்டம் தமிழ்நாட்டுப் பள்ளிகளில் தமிழைக் கட்டாயப் பாடமாக்கியபொழுது, தெலுங்கு, உருது முதலிய மொழியினர் நீதிமன்றம் சென்றனர். இந்நாட்டில் வாழும் குழந்தை தமிழ் கற்றல் அதற்கு நன்மையே. ஆனால் தமிழைக் கற்பித்தல் ஒன்று. வீட்டு மொழியை மறக்கச் செய்தல் மற்றொன்று. முன்னதற்குப் பின்னது துணையாகாது.

5. ஆசிரியர் செய்யத்தக்கன

சட்டமும் திட்டமும் வருமளவும் ஆசிரியர் கைகட்டியிருத்தல் வேண்டா. என் சிற்றறிவிற்கு எட்டியவற்றைக் கூறுகின்றேன்.

ஒன்று: குழந்தை சேரும் நாளிலே, வீட்டிற் பேசும் மொழி யாதென்று பெற்றோரைக் கேட்டு எழுதி வைத்தல். சாதியை எழுதுகின்றோம், பிறந்த நாளை எழுதுகின்றோம், கற்பித்தற்கு முதலில் வேண்டும் இச்செய்தியை மட்டும் கேளாது விடுகின்றோம்.

இரண்டு: அம்மொழியில் ஐம்பது சொற்களையேனும் ஆசிரியர் கற்றல். வா, உட்கார், தண்ணீர், வலிக்கிறதா, பயப்படாதே என்பன போன்றவை போதும். ஆசிரியர் தம் மொழியைத் தவறாகப் பேசக் கேட்டு நகைக்கும் குழந்தை, தான் தமிழைத் தவறாகப் பேச அஞ்சுவதில்லை.

மூன்று: அதே மொழி பேசும் மேல்வகுப்புப் பிள்ளையைத் துணைக்கொள்ளுதல். பழைய திண்ணைப் பள்ளியில் சட்டாம்பிள்ளை செய்த வேலையே இது. பிரம்பு மட்டும் வேண்டா.

நான்கு: எழுத்துக்கு முன் பேச்சைப் பழக்குதல். குழந்தை அறியாத சொல்லின் எழுத்தைக் கூட்டி வாசித்தல் வெறும் ஒலிப்பயிற்சியேயாகும். முதலிற் பொருளைக் காட்டி, வீட்டுச் சொல்லைச் சொல்லுவித்து, அதன்பின் தமிழ்ச் சொல்லைச் சொல்லுவித்து, இறுதியில் எழுத்தைக் காட்டுதல் முறை.

ஐந்து: வீட்டுக் கதைகளைத் தமிழெழுத்தில் எழுதி வகுப்பில் வைத்தல். வாக்ரிபோலியின் ஒலிகளுட் சிலவற்றைத் தமிழெழுத்து வேறுபடுத்திக் காட்டாது என்பர். மதுரைச் சௌராஷ்டிரர் தம் மொழியைத் தமிழெழுத்தில் எழுதுங்கால், எழுத்தின்மேல் 2, 3, 4 என்னும் இலக்கங்களை இட்டு அக்குறையை நீக்கிக்கொண்டனர். ஒரோமோ அறிஞர் செய்ததும் இவ்வகையினதே. மொழிக்கேற்ப எழுத்தைத் திருத்தலாம். எழுத்தில்லையென்று மொழியைத் தள்ளலாகாது.

இவை புதிய கொள்கைகளல்ல. கற்போன் கொள்ளும் திறத்தை அறிந்து கற்பிப்பதைப் பாடஞ்சொல்லும் முறையின் கூறுகளுள் ஒன்றாக நன்னூலார் பொதுப்பாயிரத்திற் கூறினார். கொள்ளும் திறத்துள் முதன்மையானது, அவன் எம்மொழியிற் கொள்வான் என்பது.

முடிவுரை

இம்மலரை வாசிக்கும் மாணாக்கருட் பலர் நாளை ஆசிரியராவீர். சிலர் கல்வி அதிகாரிகளாகவும் ஆவீர். ஆங்கில வகுப்பில் விடை தெரிந்தும் சொல்லத் தெரியாமல் தலைகுனிந்து நின்ற நாள் நம்மில் யாவர்க்கும் உண்டு. அந்நாளை மறவாதிருங்கள். நம் வகுப்பின் கடைசி வரிசையில் வாய் திறவாது நிற்கும் குழந்தைக்கு அந்நாள் ஆண்டு முழுவதும் நீளுகின்றது.

அச்சிறுமி இரண்டாம் வகுப்பிற் போகும்பொழுது தமிழில் தடையின்றிப் பேசினாள். ஐந்தாம் வகுப்பில், பள்ளியின் கையெழுத்துப் பத்திரிகைக்குக் கொக்கைப் பற்றி ஒரு பக்கம் தானே எழுதினாள். வயலில் உழும் மாட்டின் பின்னே அது ஏன் நடக்கின்றது, மாலையில் எம்மரத்தில் அடைகின்றது என்பனவெல்லாம் அதில் இருந்தன. தலைப்பில் கொக்கின் தமிழ்ப்பெயரும், அதன் கீழே தன் வீட்டுப்பெயரும் எழுதியிருந்தாள். ஓர் ஒற்றுப்பிழையைத் திருத்தினேன். வீட்டுப்பெயரின்மேல் என் சிவப்பு மை படவில்லை.